தோள் வைத்த ரவிக்கை

“அஞ்சு! எட்டு மாசத்துல அஞ்சு ரவிக்க! இன்னாமே, நீ இன்னா கவர்னர் பொண்டாட்டியா?”

“கத்தாதீங்க. சந்தே கேக்குது.”

“கேக்கட்டுமே! கோட்டுக்கார கரீமுல்லா பொண்டாட்டி வெளியில கூலி குடுத்து ரவிக்க தச்சுக்கிறான்னு சந்துக்குத்தான் மொதல்ல தெரிஞ்சிக்கீது. கட்டினவனுக்குத்தான் கடைசியா தெரியுது!”

சந்து கேட்கத்தான் செய்தது. நான் அடுப்பிலிருந்த குழம்பை இறக்கி வைத்துவிட்டே கேட்டேன். ஐப்பசி மழை கொட்டிக்கொண்டிருந்ததால் நடுநடுவே சில வார்த்தைகள் நனைந்து போயின. மற்றபடி குறையில்லை.

மயிலாப்பூர் கச்சேரி ரோட்டிலிருந்து மசூதிக்குப் பக்கத்தில் உள்ளே திரும்புகிற சந்து எங்களுடையது. ஆறு ஓட்டு வீடுகள், ஒன்றின் முதுகில் ஒன்று சாய்ந்துகொண்டு நிற்கும். என் அடுக்களை ஜன்னலைத் திறந்தால் கரீமுல்லா வீட்டு முற்றம். அடுத்த வீட்டைப் பார்ப்பதற்கென்று யாரும் வைத்த ஜன்னல் இல்லை அது. பார்க்காமல் இருக்க நானும் முயன்றதில்லை.

வீட்டின் முன்னறைதான் கரீமுல்லாவின் கடை. லஸ் பக்கத்து வக்கீல்களுக்கெல்லாம் கறுப்புக் கோட்டு அவர் கையால்தான். கோட்டுக்குத் தோள் வைப்பதில் அவரை மிஞ்ச ஆளில்லை. வக்கீல் கல்யாணராமனுக்குக் கழுத்து முடிந்த இடத்திலேயே கை ஆரம்பித்துவிடும். அவரே கரீமுல்லாவின் கோட்டைப் போட்டுக்கொண்டு ஹைகோர்ட்டில் எழுந்து நின்றால் ஜட்ஜும் ஒரு தரம் நிமிர்ந்து உட்காருவாராம். உள்ளே என்ன வைக்கிறீர்கள் என்று கேட்டால், “கேன்வாசு கொஞ்சம், பஞ்சு கொஞ்சம், மிச்சம் அல்லா பாத்துக்கிறான்” என்பார்.

அப்படிப்பட்டவருடைய மனைவி அஸ்மத்துன்னிசா சாந்தோம் மாதா கோயில் பக்கத்தில் இருக்கிற ஆரோக்கியமேரியிடம் துணி கொடுத்துத் தைத்துக்கொள்கிறாள் என்றால் அது சாதாரண சங்கதியா? முதலில் கண்டுபிடித்தவள் நான்தான். கொடியில் உலர்ந்த ரவிக்கையின் கழுத்துப் பட்டியில் வெள்ளைக்காரப் பள்ளிக்கூடத்துத் தையல் தெரிந்தது. கன்னியாஸ்திரீகளிடம் தையல் கற்றவள் மேரி. கரீமுல்லா அப்படித் தைக்கமாட்டார். நான் இதைச் சந்து முனை வீட்டு அபயாம்பாள் மாமி ஒருத்தியிடம்தான் சொன்னேன். மாமி மறுநாளே பேரன் சட்டையை எடுத்துக்கொண்டு கடைக்குப் போனாள்.

“ஏன்யா கரீமு, நம்மாத்துச் சட்டைக்குக் கூலியைக் கொறைக்க மாட்டேங்கறே. உன் ஆம்படையா மட்டும் ஊராருக்குக் கூலியை அள்ளிக் கொடுக்கலாமோ?”

அன்று சாயங்காலம்தான் அந்தக் கூச்சல்.

அஸ்மத்தின் ரவிக்கைக்கு அளவெடுக்கும் வழக்கமே அந்த வீட்டில் கிடையாது. மிஷினுக்குப் பின்னால் சுவரில் ஓர் ஆணி. அந்த ஆணியில் பழுப்பு அட்டைத் துண்டுகள் நாலு, நூலில் கோத்துத் தொங்கும். கல்யாணமான வருஷம் அவளை நிற்க வைத்து அளவெடுத்து வெட்டிய அளவு அட்டை அது. பதினேழு வருஷமாக ரமலானுக்கு ஒன்று, பக்ரீதுக்கு ஒன்று, அந்த அட்டையைத் துணிமேல் வைத்துக் கண்ணை மூடிக்கொண்டு வெட்டிவிடுவார். பொண்டாட்டி உடம்பு தனக்கு மனப்பாடம் என்பதில் அவருக்குக் கொஞ்சம் பெருமைகூட.

“அட்ட கீது, நான் கீறேன், அப்பறம் இன்னாத்துக்குமே மேரி?”

“உங்க அட்டைக்கு வயசாயிடுச்சு. இப்ப யாரு அந்த மாதிரி அரைக்கை போடறா? கை நீட்டமா, கழுத்து மூடி, அதான் புதுசு.”

“நாப்பது வயசுல புதுசு கேக்குதா? மவளுக்கு நிக்காஹ் வெச்சிக்கீறோம், மாப்ள ஊட்ல சிரிக்க மாட்டாங்க?”

“சிரிக்கட்டும். அழுவாம இருந்தா சரி.”

இதற்குப் பிறகு இரண்டு பேரும் பேச்சை நிறுத்திவிட்டார்கள்.

1932 அது. ஊரெல்லாம் பேசும் படம் வந்துவிட்டது என்று பேச்சு. எங்கள் சந்துக்கு ஊமைப் படமே போதுமாக இருந்தது. டிக்கெட்டும் கிடையாது. கரீமுல்லா ஐந்து ரவிக்கைகளையும் வரிசையாகக் கொடியில் போட்டு ஒவ்வொன்றாக விரலால் எண்ணிக் காட்டுவார். அவள் நாலை எடுத்து மடித்துவிட்டு ஐந்தாவதை அவருடைய துருக்கித் தொப்பிமேல் கவிழ்த்து வைப்பாள். சோற்றில் உப்பில்லை என்றால் அவர் எழுந்து போய் உப்பு ஜாடியைக் கொண்டுவந்து அவள் மூக்குக்கு நேரே ஆட்டிவிட்டு உட்காருவார். மண்ணெண்ணெய் தீர்ந்தால் அவள் காலிப் புட்டியைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு வாசற்படியில் நிற்பாள். அவர் சட்டைப் பையை வெளியே இழுத்துக் காட்டுவார். நடுவில் தூது போய்ப் போய் அலுத்த மகள் ஜமீலுன்னிசா, “ரெண்டு பேரும் அடிச்சிக்கினாக்கூடத் தேவல” என்று என்னிடமே ஒரு நாள் அழுதாள்.

அபயாம்பாள் மாமி தினமும் கருவேப்பிலை கேட்டு வந்துவிடுவாள்.

“இன்னிக்கு என்னடி நடந்தது?”

“உப்பு, மாமி.”

“நேத்திக்கும் உப்புதானே?”

“நேத்து மண்ணெண்ணெய்.”

“மண்ணெண்ணெய்க் காட்சி எனக்குத் தப்பிப் போச்சே” என்று மாமி நெற்றியில் தட்டிக்கொள்வாள்.

சிரித்தோம். ஒளிக்காமல் சொல்கிறேன், நன்றாகச் சிரித்தோம். அஸ்மத் அடுப்பை ஊதிவிட்டு எழுந்திருக்கும்போது ஒரு கையைச் சுவரில் வைத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்தேன். புதுச்சேலை மடிப்புக் கலையாமல் எழுந்திருக்கிறாள் என்று மாமியிடம் சொன்னேன். மழைவிட்டுப் புழுங்குகிற மத்தியானத்திலும் நீட்டுக் கையும் மூடின கழுத்துமாக நின்றாள். ஸ்டைலுக்கு ஒரு அளவில்லையா என்றேன். கண்ணெதிரில் இருந்தது எல்லாமே. நான் துணியைத்தான் பார்த்தேன்.

கார்த்திகை மாதத்து வெள்ளிக்கிழமை அது. கரீமுல்லா ஜும்மாத் தொழுகை முடித்து வந்தபோது வீட்டில் யாருமில்லை. அஸ்மத்தும் மகளும் கச்சேரி ரோட்டில் அரிசி வாங்கப் போயிருந்தார்கள். முற்றத்துக் கொடியில் அந்த ஐந்தாவது ரவிக்கை காய்ந்துகொண்டிருந்தது. அவர் அக்கம்பக்கம் பார்த்துவிட்டு அதை உருவினார்.

எனக்குப் புரிந்தது. தையற்காரன் இன்னொரு தையற்காரியின் வேலையைக் குறை சொல்லாமல் எத்தனை நாள் இருப்பான்? உள்பக்கத்தை வெளியே திருப்பினார். ஓரம் மடித்த இடத்தை நகத்தால் கீறிப் பார்த்தார். தையல் பிரியவில்லை. வேண்டாவெறுப்பாகத் தலையை ஆட்டினார். பிறகு மார்ப் பக்கத்தை விரலிடுக்கில் வைத்து நசுக்கியவர் அப்படியே நின்றார். உள்ளே இரண்டு மடிப்பு லைனிங். லைனிங்குக்கு நடுவே பஞ்சு. தோளில் பஞ்சு. முதுகில்கூட.

உள்ளே போய் மற்ற நாலையும் எடுத்துவந்தார். முற்றத்தில் தரை ஈரமாக இருந்தது, பாயை விரித்து ஐந்தையும் தைத்த வரிசைப்படி பரப்பினார். கழுத்தில் கிடந்த டேப்பை எடுத்து ஒவ்வொன்றாக அளந்தார். அளந்ததையே திரும்பவும் அளந்தார். கடைசியில் ஆணியில் இருந்த அட்டையைக் கொண்டுவந்து ஐந்தாவது ரவிக்கைமேல் வைத்தார். அட்டை நாலு பக்கமும் துணிக்கு வெளியே நின்றது.

அஸ்மத் அரிசிப் பையோடு உள்ளே வந்தாள். ஜமீலா வாசலில் யாருடனோ பேசிக்கொண்டிருந்தாள்.

“எந்த மாசத்துலேந்து?” என்றார் கரீமுல்லா. முப்பது நாளைக்கப்புறம் அவளிடம் பேசிய முதல் பேச்சு.

“எத்தக் கேக்குறீங்க?”

“அட்ட முப்பத்திநாலு. இது முப்பது. இது இருவத்தெட்டர. இது இருவத்தாறு. எந்த மாசத்துலேந்து அஸ்மத்து?”

அவள் பையைக் கீழே வைத்தாள்.

“பங்குனிலேந்து. சாயங்காலமானா காய்ச்ச வருது. அப்பறம் இருமலு.”

“வைத்தியரு?”

“சாந்தோம்ல ஒரு டாக்டரு. மேரிதான் இட்டுக்கினு போச்சு. தாம்பரத்துக்கு அந்தாண்ட காசநோய் ஆஸ்பத்திரி கீதாமே, அங்க சேத்துடுன்னாரு.”

“எனக்கு ஒரு வார்த்த சொல்லல நீ.”

“சொன்னா இன்னா பண்ணுவீங்க? கடையப் பூட்டிக்கினு என்னிய இட்டுக்கினு ஓடுவீங்க. மறுநாளே மீர்சாகிப்பேட்டை மாப்ள ஊட்டுக்குத் தெரிஞ்சிடும். ஆத்தாளுக்கு இருக்கிறது மவளுக்கும் இருக்கும்னு ஜமீலாவ வோணாம்பாங்க. இந்த வாசல்ல அப்பறம் யாரு வருவா? நோன்பு முடிஞ்சு ஷவ்வால் மாசம் நிக்காஹ். இன்னும் மூணு மாசம். அது வரைக்கும் இந்த ஒடம்பு ரவிக்கைக்குள்ள நின்னுட்டா போதும்.”

“என்னாண்ட குடுத்திருக்கக் கூடாதா துணிய?”

“டேப்ப எடுத்தா உங்க கை கண்டுபிடிச்சிடும். மேரிக்கு என் பழைய அளவு தெரியாது. மொதல்ல அதுக்கு நான் வெறும் ஒரு ஒல்லிக் கிராக்கி. அப்பறம் தெரிஞ்சிக்கினும் வாயத் தொறக்கல.”

கரீமுல்லா ரவிக்கையின் தோளைக் கையில் எடுத்துக்கொண்டு கோபமாகப் பேச ஆரம்பித்தார்.

“பஞ்ச இப்டியா வெப்பாங்க? வேர்வ பட்டா கட்டி கட்டியா நிக்காது? தோளுக்குக் கேன்வாசு குடுக்கணும். மாருக்கு ரெண்டு பக்கமும் மடிப்புப் புடிச்சுக் குடுக்கணும். இது இன்னா தையலு, இது...” டேப்பை உதறி, “வா இப்டி” என்றார்.

அவள் வந்து நின்றாள். அவர் டேப்பை அவளைச் சுற்றிக் கொண்டுவந்தார். இரண்டு முனையும் சேர்ந்த இடத்தில் கை நின்றுவிட்டது.

நான் ஜன்னலைவிட்டு நகர்ந்தேன். எனக்குப் பழக்கமே இல்லாத காரியம். ஆனாலும் அவள் சொன்னது காதில் விழுந்தது.

“சண்டைய உட்டுடாதீங்க. சண்ட நடக்கிற வரைக்கும் சந்து துணியத்தான் பாக்கும். ஒடம்பப் பாக்காது.”

மறுநாள் காலை உப்பு ஜாடி மறுபடியும் ஆடியது. மாமி கருவேப்பிலைக்கு வந்தாள், பார்த்தாள், வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். உப்பு ஜாடியை ஆட்டிவிட்டு உட்கார்ந்த கரீமுல்லா, சோற்றைப் பிசைவதுபோல் குனிந்து, வெறும் விரல்களைத் தட்டில் வெகுநேரம் அளைந்துகொண்டிருந்தார். மாமிக்கு அது தெரியவில்லை.

“என்னடி, நீ சிரிக்கலை?”

“பல் வலி, மாமி.”

மேரியிடம் துணி போவது நின்றது. பகலெல்லாம் கறுப்புக் கோட்டு தைக்கிற மிஷினில், கோட்டுத் துணிக்கு அடியில் வைத்து, ஆறாவது ரவிக்கை உருவாகிக்கொண்டிருந்தது. ரமலான் வந்தது. நோயாளிக்கு நோன்பு கட்டாயமில்லை, ஆனால் விட்டால் சந்து ஏன் என்று கேட்கும். பிடித்தாள். சாயங்காலம் மசூதியிலிருந்து வந்த நோன்புக் கஞ்சியைத் தனிக் கிண்ணத்தில், முற்றத்து மூலையில் தனியாக உட்கார்ந்து குடித்தாள். மகளோடு ஒரு தட்டில் சாப்பிடுவதை எப்போதோ விட்டுவிட்டிருக்கிறாள். அதையும் நான் ‘பெரிய இடத்து நாகரிகம்’ என்று சொல்லியிருந்தேன். “நோன்புல எளச்சிப் போய்க்கீறே” என்று சந்துப் பெண்கள் சொன்னதும் அவள் முகத்தில் நிம்மதி வந்தது.

ஈத் முடிந்து நாலாம் நாள் மாப்பிள்ளையின் தாய் அஃப்சருன்னிசா, நிக்காஹ் நாள் குறிக்க வந்தாள். நல்ல பருமன். கண் மட்டும் ஊசி. பால் சேமியாவை ஒரு கரண்டி வாயில் போட்டுக்கொண்டு அஸ்மத்தை மேலும் கீழும் பார்த்தாள்.

“இன்னா சம்மந்திம்மா, மொகம் சுண்டிப் போய்க்கீது? கன்னம் எங்க? போன தபா வந்தப்ப இருந்திச்சே.”

ஜமீலா தம்ளரைக் கீழே வைக்க மறந்து நின்றாள். அஸ்மத் வாயைத் திறந்தாள், பேச்சுக்குப் பதில் இருமல் வரப்போகிறது என்று எனக்கே தெரிந்தது.

முன்னறையிலிருந்து கரீமுல்லா பாய்ந்து வந்தார்.

“கேளுங்க சம்மந்திம்மா! நல்லா நாலு வார்த்த கேளுங்க! சோறு துண்றதில்ல இவ! இடுப்பு சின்னதா இருந்தாத்தான் ரவிக்க நிக்குமாம்! சோத்துல மிச்சம் புடிச்சு சீட்டித் துணி வாங்கறா! எட்டு மாசத்துல அஞ்சு! கோட்டுக்காரன் ஊட்ல! சந்த வேணா கேட்டுப் பாருங்க!”

“ஆமா,” என்றாள் அஸ்மத். மூச்சைப் பிடித்துக்கொண்டு ஒரே வீச்சில் சொன்னாள். “வக்கீலுக்குக் கோட்டு நிக்கலாம், எனக்கு ரவிக்க நிக்கக் கூடாதா?”

அதற்குமேல் அவளால் அடக்க முடியவில்லை. இருமல் பிய்த்துக்கொண்டு வந்தது. கரீமுல்லா “இவகிட்ட பேசி ஆவாது” என்று கத்திக்கொண்டே ஓடிப்போய் மிஷினில் உட்கார்ந்து மிதித்தார். மிஷின் கடகடவென்று ஓடியது. ஊசிக்கு அடியில் துணியே இல்லை. ஜன்னலில் இருந்து பார்த்தால் முன்னறைக் கதவு வழியே எனக்கு அது நன்றாகத் தெரியும். இருமல் நிற்கிற வரைக்கும் வெறும் ஊசி ஏறி இறங்கிக்கொண்டே இருந்தது.

அஃப்சருன்னிசா குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். “எங்க ஊட்லயும் இதே கூத்துதான் சம்மந்திம்மா. எனக்குப் பொடவ, உங்களுக்கு ரவிக்க.”

ஆனால் ஊசிக் கண் சும்மா இருக்குமா? போகிற வழியில் என் வாசலில் நின்றாள்.

“இந்தச் சந்துல உங்களுக்குத் தெரியாதது ஒன்னும் இல்லன்னு சொன்னாங்க.”

நல்ல பெயர் எடுத்திருந்தேன். “உக்காருங்க” என்றேன்.

“அந்தம்மாவுக்கு ஒடம்புல ஏதாச்சும்...? பொண்ணு எடுக்கிற எடம், பாருங்க. ஒளிக்காம சொல்லுங்க.”

என் நாக்கில் அத்தனையும் வரிசையாக வந்து நின்றது. முப்பத்திநாலு, முப்பது, இருபத்தெட்டரை, இருபத்தாறு. வாழ்நாளில் இவ்வளவு நல்ல சேதி எனக்குக் கிடைத்ததில்லை. இனிமேல் கிடைக்கப்போவதும் இல்லை.

“ஒடம்பா? அது கல்லு மாதிரி இருக்கும்மா” என்றேன். “துணிப் பைத்தியம். அது ஒன்னுதான் அவளுக்கு வியாதி.”

நான் செய்தது சரியா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. அஃப்சருன்னிசாவும் ஒரு பிள்ளையைப் பெற்றவள்தானே.

மாசி மாதம் நிக்காஹ் நடந்தது. சந்து முழுக்கப் பந்தல், பிரியாணி வாசனை. அஸ்மத் கருஞ்சிவப்பு வெல்வெட் ரவிக்கையில் வந்து நின்றாள். அந்தத் தோளை நான் என்ன சொல்ல! வக்கீல் கல்யாணராமனுக்குக்கூட அப்படி ஒரு தோள் வாய்த்ததில்லை. மார் நிறைந்து, முதுகு நிமிர்ந்து, மாப்பிள்ளை வீட்டுப் பெண்களுக்கு நடுவில் நாலு மணி நேரம் நின்று எல்லாரையும் வரவேற்றாள். சந்து முனையிலிருந்து பார்த்த மாமி, “கல்யாணப் பொண்ணு இவளா அவளாடி?” என்றாள். கரீமுல்லா ஆண்கள் பக்கத்தில் முகத்தைத் திருப்பிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கல்யாணத்தன்றுகூடப் பேசமாட்டேன் என்கிறாரே மனுஷர் என்று எல்லாரும் சிரித்தார்கள். அவளைப் பார்த்தால் தாங்கமாட்டார், அதனால்தான் திரும்பவில்லை.

ஜமீலா மாமியார் வீட்டுக்குப் போன நாலாம் நாள் காலை, ஜட்கா வண்டி சந்துக்குள் வந்தது. அஸ்மத் பழைய சேலையில், அட்டையில் வெட்டிய பழைய அரைக்கை ரவிக்கையில் வெளியே வந்தாள். ரவிக்கைக்குள் அவள் எங்கோ இருந்தாள். படியில் கால் வைத்து ஏற முடியவில்லை. கரீமுல்லா அவளை இரண்டு கையாலும் தூக்கி வண்டியில் வைத்தார். துணி மூட்டையைத் தூக்கக்கூட அவர் அதைவிட அதிகம் முக்குவார்.

மாமி என் பக்கத்தில்தான் நின்றாள். அவள் கையில் கருவேப்பிலைக் கொத்து.

“உனக்கு முன்னாடியே தெரியுமோடி?”

“தெரியாது, மாமி.”

ஆடி மாதம் ஆஸ்பத்திரியிலேயே முடிந்துவிட்டது. நோயாளியின் துணியை எரித்துவிடும்படி சொல்லியிருந்தார்களாம். முற்றத்தில் ஐந்து சீட்டி ரவிக்கைகளையும் ஒரு வெல்வெட்டையும் வைத்து அவரே தீ மூட்டினார். பஞ்சு இருந்ததால் சட்டென்று பிடித்துக்கொண்டது. கேன்வாஸ் வைத்த தோள்தான் கடைசி வரைக்கும் நின்று எரிந்தது.

பிறகு ஒவ்வொருவராகக் கலைந்தார்கள். ஜமீலாவின் புருஷன் வலியுல்லா பெங்களூரில் அத்தர்க் கடை வைத்து அவளை அழைத்துக்கொண்டு போனான். இரண்டு பையன்கள், ஒரு பெண். பெண்ணுக்குப் பாட்டி பெயர். விஷயம் தெரிந்த அஃப்சருன்னிசா ஒரு வருஷம் இந்தப் பக்கமே வரவில்லை. முதல் பேரன் பிறந்தபோது கரீமுல்லாவுக்கு இனிப்பு அனுப்பினாள், எனக்கு அனுப்பவில்லை. ஆரோக்கியமேரி ரயில்வேக்காரர் ஒருவரைக் கட்டிக்கொண்டு பெரம்பூருக்குப் போனாள். அபயாம்பாள் மாமியின் பிள்ளை தியாகராய நகரில் மனை வாங்கி வீடு கட்டி மாமியை அழைத்துக்கொண்டான். அங்கே வீட்டுக்கு வீடு தோட்டம், பக்கத்து வீட்டுப் பேச்சே காதில் விழுவதில்லை என்று ஒருமுறை வந்து வருத்தப்பட்டாள்.

மூன்றாம் வருஷம் கரீமுல்லாவும் மிஷினை விற்றுவிட்டு மகளிடம் போனார். கடையை எடுத்துக்கொண்டவர் அப்துல் வஹீத். இவர் கோட்டுப் பக்கம் போகமாட்டார், பெண்கள் ரவிக்கைதான் தைப்பார். போன பொங்கலுக்கு நான் ஒரு துணி கொண்டுபோய்க் கொடுத்தேன்.

“அளவு ரவிக்க எடுத்தாரணுமா?” என்று கேட்டேன்.

“வோணாம்மா. இங்க ஆணியில ஒரு அட்ட கீது, முன்னாடி இருந்தவரு வுட்டுட்டுப் போனாரு. சந்துல எல்லாருக்கும் அதுலதான் வெட்றேன். சொல்லி வெச்சாப்ல நிக்குது.”

ரவிக்கை வந்தது. மூன்று நாள் பெட்டிக்குள்ளேயே வைத்திருந்தேன். அப்புறம் போட்டுக்கொண்டேன். எனக்குத் தோளில் கொஞ்சம் தாராளமாகத்தான் இருக்கிறது.